செய்தி வாசித்த அப்பா

சில மாதங்களுக்கு முன் ஒரு நண்பர் வீட்டு மொட்டைமாடியில் ஏழெட்டுப் பேர் கூடியிருந்தபோது பேச்சு எப்படியோ நடிப்பைப் பற்றித் திரும்பிற்று. எங்கள் பேச்சு பெரும்பாலும் அப்படித்தான். ஒரு கவிதையில் தொடங்கும், டீ வந்ததும் சினிமாவுக்குப் போய்விடும். யாரோ பூர்ணம் விஸ்வநாதனின் பெயரைச் சொன்னார்கள். உடனே இன்னொருவர், நான் மிகவும் மதிக்கிற கவிஞர், 'அவர் எல்லாப் படத்திலும் ஒரே ஆள்தானே ஸார், மேல்துண்டு மாறும், அவ்வளவுதான்' என்றார். எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். எளாவூருக்குக் கடைசி ரயிலைப் பிடிக்க வேண்டும் என்று எழுந்து வந்துவிட்டேன். கும்மிடிப்பூண்டி தாண்டி, பெட்டியில் என்னைத் தவிர சூளூர்ப்பேட்டைக்குப் போகும் இரண்டு பேர் மட்டும் மிஞ்சி, அவர்களும் தூங்கிவிட்ட பிறகுதான் எதற்காகச் சிரித்தேன் என்று கேட்டுக்கொள்ளத் தோன்றிற்று. அந்தச் சிரிப்பை வாபஸ் வாங்கிக்கொள்ளத்தான் இதை எழுதுகிறேன்.

பூர்ணம் விஸ்வநாதனின் குரலை எனக்கு அடையாளம் காட்டியவர் என் நைனா. எங்கள் பக்கத்தில் அப்பாவை நைனா என்றுதான் சொல்வோம். எளாவூருக்குக் கிழக்கே, பழவேற்காடு ஏரியின் மேற்குக் கரைக் குப்பம் ஒன்று எங்களுடையது. அங்கிருந்து நாலைந்து மைல் வடக்கே போனால் கடைப் பலகைகள் தெலுங்கில் இருக்கும். நைனா எறா வலை வீசியவர். அதற்கு முன், வாலிபத்தில், பினாங்குத் துறைமுகத்தில் சில வருஷம் மூட்டை தூக்கிவிட்டு 1951-இல் ஊர் திரும்பியவர். 1981-இல் ஆரம்பாக்கத்து டெண்டுக் கொட்டகைக்கு 'வறுமையின் நிறம் சிவப்பு' வந்தது. படம் வெளியானது 1980-இல்தான். எங்களுக்கு எல்லாம் கொஞ்சம் தாமதித்தே வரும். நைனாவுக்கு அப்போது இரண்டு கண்ணிலும் புரை. திரையில் வெள்ளையும் நிழலும்தான் அவருக்குத் தெரியும். ஆனாலும் படத்துக்கு வருவார், மணலில் உட்கார்ந்து தலையைக் குனிந்துகொண்டு கேட்பார். கமல்ஹாசனின் தகப்பனாராக வருகிறவர் வாயைத் திறந்ததும் நைனா என் தொடையைத் தட்டினார்.

'இவன் ரேடியோல பேசினு இருந்தவன்டா. சொதந்தரம் வந்துச்சின்னு சொன்னவன்.'

'சும்மா இரு நைனா' என்றேன். முன்னால் இருந்தவர்கள் திரும்பிப் பார்த்தார்கள்.

பல வருஷம் கழித்து ஒரு பத்திரிகையில் பூர்ணத்தைப் பற்றிப் படித்தபோது எனக்குக் கொஞ்சம் வெட்கமாகக்கூட இருந்தது. 1947 ஆகஸ்ட் 15 அன்று டில்லி வானொலியிலிருந்து, தென்கிழக்காசியத் தமிழர்களுக்கான ஒலிபரப்பில், சுதந்திரச் செய்தியைத் தமிழில் வாசித்தவர் பூர்ணம் விஸ்வநாதன்தான். நைனா அப்போது பினாங்கில் இருந்தார். கேட்டிருக்கலாம். கேட்காமல், பிறகு யாரோ சொன்னதைத் தன் ஞாபகமாக்கிக்கொண்டும் இருக்கலாம். முப்பத்து நாலு வருஷம் கழித்து, சைக்கிள் பெட்ரோமாக்ஸ் வெளிச்சத்தில் முறுக்கு விற்கிற கொட்டகையில், ஒருவர் ஒரு குரலைத் திரும்பக் கண்டுபிடிக்க முடியுமா என்று என்னிடம் விஞ்ஞானரீதியாகக் கேட்டால் பதில் இல்லை. எங்கள் கரையிலிருந்து பார்த்தால் ஏரிக்கு அந்தப்புறம் ஸ்ரீஹரிகோட்டா. 1980 ஜூலையில் எஸ்.எல்.வி.-3 ஏறியதை நாங்கள் கரையில் நின்று பார்த்தோம். வெளிச்சம் முதலில் வந்தது. அது சிறிதாகிப் போகும் நேரத்தில்தான் சத்தம் வந்து சேர்ந்தது. பூர்ணத்தின் விஷயத்தில் இது தலைகீழ். சத்தம் 1947-இல் வந்துவிட்டது. முகம் வந்து சேர முப்பது வருஷம் ஆயிற்று.

அவர் 1921-இல் பிறந்தவர், திருநெல்வேலிப் பக்கத்துக்காரர். அவர் வீட்டில் எல்லோருமே மற்றவர்களின் வார்த்தையைச் சுமந்து கொண்டுபோய்ச் சேர்க்கும் வேலையில்தான் இருந்திருக்கிறார்கள் என்று எனக்குத் தோன்றும். சகோதரர் பூர்ணம் சோமசுந்தரம் மாஸ்கோவில் உட்கார்ந்து ருஷ்ய எழுத்தைத் தமிழாக்கியவர். நம்மில் எத்தனை பேர் அந்த மலிவு விலைப் புத்தகங்களில் வளர்ந்தோம் என்பதை இங்கே சொல்ல வேண்டியதில்லை. இன்னொரு சகோதரர் ராமச்சந்திரன், உமாசந்திரன் என்ற பெயரில் 'முள்ளும் மலரும்' எழுதியவர். மகேந்திரன் அதை 1978-இல் படமாக்கினார். விஸ்வநாதன் டில்லி வானொலியின் தமிழ்ப் பிரிவில் செய்தி வாசித்தார். பின்பு சென்னையில் மத்திய அரசின் 'திட்டம்' இதழுக்கு ஆசிரியராக இருந்தார். ஐந்தாண்டுத் திட்டங்களைப் பற்றிய கட்டுரைகளுக்குப் பிழை திருத்திவிட்டு மாலையில் சபா மேடையில் ஏறியிருக்கிறார். சுஜாதா தன் நாடகங்கள் பலவற்றை அவருடைய குழுவுக்காகத்தான் எழுதினார். சினிமா அவரை முழுசாக எடுத்துக்கொண்டது ஐம்பத்தைந்து வயதுக்குப் பிறகு. 2008 அக்டோபரில் காலமானார்.

இந்த வாழ்க்கைக் குறிப்பில் விசேஷமாக ஒன்றுமில்லை. ஒரு சர்க்கார் ஊழியரின் ஸர்வீஸ் ரிஜிஸ்தர் மாதிரி இருக்கிறது. ஆனால் இந்த வரிசையில்தான் அவருடைய கலை இருக்கிறது என்று நினைக்கிறேன்.

தமிழ் சினிமாவின் பெரிய குரல்கள் நாடகக் கம்பெனிகளில் தயாரானவை. டி. எஸ். பாலையா, எம். ஆர். ராதா, வி. கே. ராமசாமி, சிவாஜி கணேசன் எல்லோரும் சிறுவயதிலேயே கம்பெனிச் சோறு சாப்பிட்டு, கொட்டகையின் கடைசி வரிசையில் தரையில் உட்கார்ந்திருப்பவனுக்குக் கேட்க வேண்டும் என்று கற்றவர்கள். அந்தக் குரலுக்கு எதிரே எப்போதும் ஒரு கூட்டம் இருந்தது. மைக் வந்த பிறகும் குரல் அந்தக் கூட்டத்தை மறக்கவில்லை. இதை நான் குறையாகச் சொல்லவில்லை. பாலையா ஒரு 'ஓஹோ'வில் செய்துகாட்டியதை இன்னொருவர் பத்து நிமிஷத்தில் செய்ய முடியாது. ஆனால் பூர்ணம் வந்த வழி வேறு. செய்தி வாசிக்கிறவன் அடைத்த அறையில் தனியாக உட்கார்ந்திருக்கிறான். கேட்கிறவன் எத்தனை லட்சம் பேரானாலும், மைக்குக்கு அந்தப் பக்கம் ஒரு முழ தூரத்தில் இருப்பது ஒரே ஒருவன்தான். அவனிடம் கத்தினால் எழுந்து போய்விடுவான்.

இன்னொன்றும் உண்டு. டில்லியில் செய்தி இங்கிலீஷில் வரும். வாசிக்கிறவரே அதை அவசர அவசரமாகத் தமிழாக்கிக்கொண்டு போய் வாசிக்க வேண்டும். தமிழில் வினைமுற்று கடைசியில் வருகிறது என்பதை ரேடியோவில்தான் சரியாக உணர முடியும். இன்ன ஊரில், இன்ன காரணத்தால், நேற்று மாலை, இன்னார் என்று வாக்கியம் போய்க்கொண்டே இருக்கும். அவர் செத்தாரா, பிழைத்தாரா, ராஜினாமா செய்தாரா என்பது கடைசிச் சொல்லில்தான் வெளிப்படும். அதுவரை வாசிப்பவனுக்குத் தெரியும், கேட்பவனுக்குத் தெரியாது. தெரிந்ததை முன்கூட்டியே குரலில் காட்டிவிட்டால் அது செய்தி ஆகாது, ஒப்பாரி ஆகிவிடும். கடைசிச் சொல்லை விழுங்கிவிட்டால் முழு வாக்கியமும் வீண். தெரிந்துகொண்டே தெரியாததுபோல வாக்கியத்தை நடத்திச் சென்று, முடிவில் அந்த வினையை மெதுவாக, கீழே வைத்துவிட்டு வருவதுபோல, வைக்க வேண்டும். இருபது வருஷம் ஒருவர் இதைச் செய்தால் அவருக்குள் என்ன ஆகும்?

பூர்ணத்தின் அப்பாக்களைப் பாருங்கள். ஏறக்குறைய எல்லோரும் ஒரு சேதியை வைத்துக்கொண்டு அதை எப்போது சொல்வது என்று தெரியாமல் இருப்பவர்கள். அவர் வசனம் பேசும்போது வாக்கியம் இயல்பான வேகத்தில் புறப்படும், நடுவே கண்ணாடியைச் சரிசெய்வார், தலை ஒருபக்கம் திரும்பும், குரல் எந்த இடத்திலும் எச்சரிக்காது. கடைசிச் சொல் மட்டும் ஒரு மாத்திரை தாமதித்து வந்து விழும். நம் விமர்சனங்களில் இதை 'இயல்பான நடிப்பு' என்று இரண்டு சொல்லில் எழுதிவிட்டு நாயகனைப் பற்றிப் பேசப் போய்விடுவார்கள். இது இயல்பே அல்ல. யாரும் வீட்டில் இப்படிப் பேசுவதில்லை. வீட்டில் நாம் வினைமுற்றை முதலில் கத்திவிட்டு மற்றதைப் பிறகு சேர்க்கிறோம். 'உடைச்சிட்டான், அந்தப் பானைய, உன் புள்ள.' பூர்ணம் பேசியது செய்தியறிக்கையின் இலக்கணத்தில், ஆனால் குடும்பத்துக் கொச்சையில். அந்த இரண்டையும் ஒட்டிய இடம் வெளியே தெரியாமல் இருந்ததால் நமக்கு இயல்பாகத் தோன்றியது.

'வறுமையின் நிறம் சிவப்பு' கடைசியில் தகப்பனார் மகனைத் தேடி டில்லிக்கு வருகிறார். மகன் சிகைதிருத்தும் கடையில் வேலை செய்வதைக் காண்கிறார். சங்கீதக்காரத் தகப்பன், படித்த மகன், கையில் கத்தி. வேறு நடிகர் யாராவது இருந்திருந்தால் நெஞ்சைப் பிடித்துக்கொண்டிருப்பார். பூர்ணம் பார்க்கிறார். தான் கொண்டுவந்த வாக்கியத்தின் முடிவு மாறிவிட்டது என்று தெரிந்துகொள்கிற ஒருவரின் பார்வை அது. பாலசந்தர் அந்த இடத்தில் நிறையச் சொல்ல வைத்திருக்கிறார், அவர் சுபாவம் அப்படி. ஆனால் என் ஞாபகத்தில் மிஞ்சியிருப்பது பேசுகிற மகன் அல்ல, கேட்டுக்கொண்டிருக்கிற தகப்பன். குணச்சித்திர நடிகரின் தொழிலில் முக்கால்வாசி கேட்பதுதான். நாயகனின் வசனத்துக்கு ஒரு காது வேண்டும். அந்தக் காது பொய்யாக இருந்தால் நாயகன் சுவரோடு பேசுவதாகத் தெரியும்.

'மகாநதி'யில் (1994) அவர் பஞ்சாபகேசன். சிறையில் கிருஷ்ணசாமிக்கு முன்பே வந்துசேர்ந்த மூத்த கைதி. அந்தப் படத்தில் எத்தனையோ கொடுமைகள் காட்டப்படுகின்றன. எனக்கு என்னவோ, சிறையின் கொடுமை முழுதும் அந்த மனிதர் அங்கேயும் வீட்டுத் திண்ணையில் பேசுகிற அதே ஸ்தாயியில் பேசுவதில்தான் தெரிந்தது. 'ஆசை'யில் (1995) மூத்த மருமகனை நம்பிக்கொண்டிருக்கிற தகப்பன். அரங்கில் இருக்கிற ஒவ்வொருவனுக்கும் அந்த மருமகன் யார் என்று தெரியும், அவருக்கு மட்டும் தெரியாது. செய்தி வாசித்தவரை நம் சினிமா கடைசியில் செய்தி எட்டாத இடத்தில் உட்கார்த்தி வைத்துவிட்டது. 'வருஷம் 16' தாத்தாவும், 'புதுப்புது அர்த்தங்க'ளில் சௌகார் ஜானகியோடு வரும் கிழவரும் (இரண்டுமே 1989) ஜனங்களுக்குப் பிடித்தவை. எனக்கும் பிடிக்கும், ஆனால் அவற்றில் அவர் கொஞ்சம் தன் செல்வாக்கில் வாழ்கிறார். 'தில்லு முல்லு' டாக்டரில் அந்த அபாயம் இல்லை. முட்டாள்தனமான யோசனை ஒன்றை மருந்துச்சீட்டு எழுதுகிற முகத்தோடு அவர் சொல்வதை இன்னும் நினைத்துச் சிரிக்கலாம்.

மேடையில் அவரை ஒரே ஒரு தடவை பார்த்திருக்கிறேன். சுஜாதாவின் 'கடவுள் வந்திருந்தார்.' ஓய்வுபெற்ற ஸ்ரீனிவாசன் வீட்டுக்கு எதிர்காலத்திலிருந்து ஒருவன் வந்துவிடுகிறான். அவன் அவர் கண்ணுக்கு மட்டும்தான் தெரிவான். வீட்டார் அவருக்குப் பைத்தியம் என்று முடிவு செய்கிறார்கள். சபா கூட்டம் சிரித்துக்கொண்டேயிருந்தது. தனக்கு மட்டும் வந்த ஒரு செய்தியை யாரும் நம்பாதபோது அதை வாசிக்கிறவன் என்ன செய்வான் என்ற கேள்வி அந்தச் சிரிப்புக்கு அடியில் ஓடியது. நான் இடைவேளைக்குப் பின் கொஞ்ச நேரத்திலேயே எழுந்து ரயிலுக்கு ஓட வேண்டியிருந்தது. முடிவைப் புத்தகத்தில்தான் படித்தேன். சினிமாவில் அவருக்கு அப்படியொரு வேஷம் யாரும் கொடுக்கவில்லை.

இங்கிலாந்தில் இந்த மாதிரி நடிகர்களுக்கு ஒரு வசதி இருந்திருக்கிறது. மைக்கேல் ஹார்டன் என்றொருவர். ஷேக்ஸ்பியர் மேடையிலிருந்து சினிமாவில் நீதிபதி, பாதிரியார் வரை எல்லாம் செய்தவர். 1970களில் பாடிங்டன் என்ற கரடிக்குட்டியின் கதையைத் தொலைக்காட்சியில் சொன்னதும் அவர்தான், 1981-இல் பி.பி.சி. வானொலி டோல்கீனின் பெரிய நாவலை நாடகமாக்கியபோது அதன் கிழட்டு மந்திரவாதிக்குக் குரல் கொடுத்ததும் அவர்தான். அங்கே வானொலியில் பேசப் போவதை ஒரு நடிகன் இறங்கிப் போவதாக நினைக்க வேண்டியதில்லை. ஒலிநாடாக்களைப் பாதுகாத்தார்கள், விற்றார்கள், ஜனங்கள் வாங்கி வீட்டில் வைத்துக்கொண்டார்கள். நம்மிடம் குரல் ஒன்று காற்றில் போகும், அல்லது இன்னொருவன் முகத்துக்குப் போகும். 1980களில் மோகன் பேசுவதாக நாடே நம்பிக்கொண்டிருந்தது எஸ். என். சுரேந்தரின் குரலை. டப்பிங் அறையில் வெகுகாலம் மற்றவர்களுக்குப் பேசிவிட்டு, பிறகு சொந்த முகத்தோடு வெளியே வந்த எம். எஸ். பாஸ்கருக்கு, 'பார்க்கிங்' (2023) படத்துக்காக 2025-இல் தேசிய விருது அறிவித்தார்கள். ஒரு குரல் முகமாவதற்கு இங்கே ஆகிற காலம் அவ்வளவு.

இவ்வளவு தூரம் இதையெல்லாம் நான் கவனித்ததற்குக் காரணம் ரசனை மட்டும் என்று சொன்னால் பொய். எனக்கும் அந்த ஆசை இருந்தது. பி.ஏ. முடித்த பிறகு 1976-இல் ஒரு இடத்தில் குரல் தேர்வுக்குப் போனேன். எந்த இடம் என்று சொல்லப்போவதில்லை. கண்ணாடிக்கு அந்தப் பக்கம் மூன்று பேர் இருந்தார்கள். ஒரு தாளைக் கொடுத்து வாசிக்கச் சொன்னார்கள். என் ழகரம் சுத்தம். அதற்காக வருஷக்கணக்கில் ஏரிக்கரையில் நின்று சாதகம் செய்திருக்கிறேன். வாசித்து முடித்ததும் ஒருவர் மைக்கில், சினேகமாகத்தான், 'எந்த ஊர்?' என்றார். சொன்னேன். 'அதான். தமிழ் நன்னா இருக்கு. ஆனா வாக்கியம் முடியறச்சே தெலுங்கு மாதிரி மேலே போறது' என்றார். எனக்கு அதுவரை தெரியாது. யாருக்குத் தன் வாக்கியம் எங்கே போய் முடிகிறது என்று தெரியும்? ஊருக்கு வந்து நைனா பேசுவதைக் கேட்டேன், அம்மா பேசுவதைக் கேட்டேன். ஆமாம், மேலேதான் போயிற்று. எங்கள் குப்பம் முழுதும், கடைசிச் சொல்லைக் கீழே வைக்கத் தெரியாமல், தூக்கித் தூக்கிப் போட்டுக்கொண்டிருந்தது.

அதன் பிறகு மூன்று வருஷம் நான் செய்த காரியத்தைச் சொல்ல எனக்கு இப்போதும் கூச்சமாக இருக்கிறது. டிரான்ஸிஸ்டரைக் காதில் வைத்துக்கொண்டு வாக்கியங்களை இறக்கக் கற்றேன். இறக்கவும் செய்தேன். மறுபடி ஒரு தேர்வுக்கு மனு போட்டேன், கூப்பிடவில்லை. பக்கத்து ஊர்ப் பள்ளிக்கூடத்தில் வாத்தியார் வேலை கிடைத்தது. ஆனால் இறங்கிய குரல் திரும்ப ஏறவில்லை. வீட்டில் சோறு கேட்டால்கூட அம்மா, 'இன்னாடா, ஆபீஸ்ல கேக்கற மாரி கேக்கற' என்பாள்.

1984 நவம்பரில் ஸ்ரீஹரிகோட்டாவுக்கு அருகே கரை கடந்த புயலின் போது இதற்கு விலை கொடுத்தேன். முதல்நாள் மாலை ரேடியோவில் எச்சரிக்கை சொன்னார்கள். நான் கரைக்கு ஓடிப் போய், வலை பிரித்துக்கொண்டிருந்தவர்களிடம் கேட்டதைக் கேட்டபடி சொன்னேன். வங்கக் கடலில் எங்கே மையம் கொண்டிருக்கிறது, எந்தத் திசையில் நகர்கிறது, மீனவர்கள் என்ன செய்ய வேண்டும். சுத்தமாகச் சொன்னேன், ஒவ்வொரு வினைமுற்றையும் அதனதன் இடத்தில் கீழே வைத்து. என் சித்தப்பா மகன் சிரித்தான். 'அண்ணன் பேட்டரி இல்லாமயே பாடுது' என்றான். எல்லோரும் சிரித்தார்கள். அவர்கள் முட்டாள்கள் அல்ல, என்னைப் பிடிக்காதவர்களும் அல்ல. அந்தக் குரல் அவர்களுடைய வாழ்க்கையில் எப்போதும் வேறெங்கோ நடப்பதைத்தான் சொல்லியிருக்கிறது. டில்லியில் மந்திரிசபை மாறியது, வெளிநாட்டில் யாரோ யாரையோ சந்தித்தார்கள். அதே குரல் இன்றைக்குத் தோணியைப் பற்றிச் சொல்லும் என்று ஏன் நினைக்க வேண்டும்?

நைனா குடிசையிலிருந்து கையால் தடவிக்கொண்டு வந்தார். அவருக்குப் பார்வை அநேகமாகப் போயிருந்தது. கொஞ்ச நேரம் முகத்தைக் கிழக்கே தூக்கிக்கொண்டு நின்றார். பிறகு, 'செத்துப்போச்சிடா காத்து' என்றார். அவ்வளவுதான். வினை முதலில், எழுவாய் கடைசியில். அவர்கள் எழுந்து தோணிகளை மேட்டுக்கு ஏற்றத் தொடங்கினார்கள். சித்தப்பா மகன் மட்டும் அதற்குள் சாராயக் கடைப்பக்கம் போய்விட்டிருந்தான். அவன் தோணி காலையில் முள்ளுக்காட்டில் மூன்று துண்டாகக் கிடந்தது. அதற்கு அடைத்த கடனில் கொஞ்சம் என் சம்பளத்திலிருந்தும் போயிற்று. அதை நான் அவனுக்குச் செய்த உதவி என்றுதான் ஊரில் சொல்வார்கள்.

பூர்ணத்தைப் புகழ்ந்துகொண்டே வந்தவன் இங்கே ஒன்றை ஒப்புக்கொள்ள வேண்டியிருக்கிறது. செய்தியின் இலக்கணத்தையும் வீட்டுக் கொச்சையையும் அவர் ஒட்டினார் என்றேன். அவருடைய வீட்டுக் கொச்சைக்கு ஏற்கெனவே மேடையில் இடம் இருந்தது. சபாவும் சினிமாவும் அந்தக் குடும்பத்து அப்பாவைத் தெரிந்து வைத்திருந்தன. அவர் வாய் திறந்தால் 'எந்த ஊர்?' என்று யாரும் கேட்கப் போவதில்லை. நைனா மாதிரி ஒருவரின் குரல் வெள்ளித்திரையில் எப்போது கேட்டது? சினிமாவில் மீனவன் பேசுவதற்கென்று ஒரு பாஷை செய்து வைத்திருக்கிறார்கள். பாதி சென்னை ரிக்‌ஷாக்காரன், பாதி வசனகர்த்தாவின் கற்பனை. ஏரிக்கரையில் அப்படிப் பேசினால் பிள்ளைகள் கல் எறிவார்கள். எங்களில் ஒருவர் இருபது வருஷம் மைக் முன்னால் உட்கார்ந்து, எங்கள் ஏற்றத்தையும் அந்த இறக்கத்தையும் சேர்த்துப் பார்த்திருந்தால் என்ன வந்திருக்கும் என்று எனக்குத் தெரியாது. நான் அதைச் செய்திருக்கலாம். செய்யவில்லை, இருந்ததையும் அழித்துக்கொண்டேன். பூர்ணத்துக்குக் கிடைத்தது அதிர்ஷ்டம் என்று சொல்லி அவரைக் குறைக்க நான் விரும்பவில்லை. அதே அதிர்ஷ்டம் எத்தனையோ பேருக்கு இருந்தது, அவர்கள் அதைவைத்துக் கூச்சல் போட்டார்கள்.

கவிஞர் நண்பருக்கு: ஒரே ஆள்தான் என்று நீங்கள் சொன்னது உண்மையே. செய்தி வாசிப்பவரும் தினமும் ஒரே ஆள்தான். அன்றைக்கு என்ன நடந்தது என்பதுதான் மாறும்.

டெண்டுக் கொட்டகை இரவுக்கு ஒருதரம் போய்விட்டு வர வேண்டியிருக்கிறது. படம் விட்டதும் நானும் நைனாவும் தண்டவாளத்தை ஒட்டி எளாவூருக்கு நடந்தோம். அவர் என் தோளில் கை போட்டிருந்தார். அப்போது எனக்கு இன்னும் வாத்தியார் வேலை கிடைக்கவில்லை. குரல் தேர்வில் நடந்ததை நான் அவரிடம் மட்டும்தான் சொல்லியிருந்தேன், ஐந்து வருஷம் முன்பு, ஒரே தடவை. 'பையன் பட்ணத்துல பரீட்ச எழுதிக்கீறான், கூப்டுவாங்க' என்று அவர் ஊரில் சொல்லிக்கொண்டிருந்தார். கேட்பவர்கள் கேட்டுக்கொண்டே இருந்தார்கள், அவர் சொல்லிக்கொண்டே இருந்தார்.

பாதி வழியில் நைனா கேட்டார்: 'அந்த அப்பன் ஊருக்குத் திரும்பிப் போவான் இல்ல?'

'போவார். எங்கே போவார் பின்னே?'

'பையன் செரைக்கறான்னு ஊர்ல சொல்லுவானா?'

'படத்துல அது வரல நைனா. முடிஞ்சி போச்சி.'

ஒரு கூட்ஸ் வண்டி வந்தது. சரளைக்கு இறங்கி நின்றோம். வண்டி நீளமாகப் போய்க்கொண்டே இருந்தது. கடைசிப் பெட்டியின் சிவப்பு விளக்கு தாண்டிய பிறகு அவர் மறுபடி என் தோளைத் தேடிப் பிடித்துக்கொண்டார்.

'சொல்ல மாட்டான்டா அவன்' என்றார். 'கொரல்லயே தெரிஞ்சிச்சே.'